பெண்ணாடம் ஹோம் சிக்னல்

ஒரு மூட்டையைப் பிரித்தால் அதற்குள் இன்னொரு மூட்டை இருந்தது. அதைப் பிரித்தால் அதற்குள் நாலு. கம்ப்யூட்டரில் ரயில் ஓட்டும் விளையாட்டுக்காக, ஊர் பேர் தெரியாத யாரோ ஒரு புண்ணியவான் விழுப்புரத்திலிருந்து திருச்சி வரைக்கும் தண்டவாளம் போட்டு, ஸ்டேஷன் கட்டி, மரம் நட்டு, எல்லாவற்றையும் சுருக்கிக் கட்டி இணையத்தில் வைத்திருந்தார். வைத்தவர் வைத்துவிட்டுப் போய்விட்டார். பிரிக்கிறவள் பாடு அவருக்கு எங்கே தெரியப்போகிறது?

கயல்விழிக்கு இந்த வேலையை மத்தியானத்தில்தான் செய்ய முடியும். மாமனார் ராஜாங்கம் சாப்பிட்டுவிட்டுக் கண்ணயரும் நேரம் அது. அவர் எழுந்துவிட்டால் வாசல் கதவைப் பார்ப்பதா, திரையைப் பார்ப்பதா என்று ஆகிவிடும். இரண்டு கண்ணையும் ஒரே பக்கம் பார்க்கும்படிதானே ஆண்டவன் படைத்திருக்கிறான்.

விஷயம் இதுதான். பொழுது விடிவதற்குள் அந்த விளையாட்டில் ரயில் புறப்பட்டாக வேண்டும். புறப்படாவிட்டால் ராஜாங்கம் நிஜ ரயிலைத் தேடிக் கிளம்பிவிடுவார்.

அவர் ரயில் ஓட்டியவர். கூட்ஸ் வண்டியில் நிலக்கரி ஏற்றிப் போனதில் பாதி ஆயுசு, பாசஞ்சர் வண்டியில் மீதி. ரிட்டையர் ஆகி வந்த பிறகும் விருத்தாசலம் ஜங்ஷனை விட்டு நகர மாட்டேன் என்று தண்டவாளத்துக்குக் கூப்பிடு தூரத்தில் வீடு கட்டினார். மனைவி போன பிறகு நினைப்பு கொஞ்சம் கொஞ்சமாகத் தப்ப ஆரம்பித்தது. முதலில் சாப்பிட்டது மறந்தது, பிறகு பெயர்கள் மறந்தன, கடைசியில் ரிட்டையர் ஆனதே மறந்துவிட்டது. டூட்டி மட்டும் மறக்கவில்லை. கோழி கூவுவதற்கு முன்னால் எழுந்து, குளித்து, சட்டையை உள்ளே விட்டு, டிபன் பெட்டியைத் தூக்கிக்கொண்டு வாசலுக்கு வந்துவிடுவார்.

சின்ன மகன் பிரவீன்குமார் மஸ்கட்டுக்குப் போகும் முன் செய்த ஒரே உருப்படியான காரியம், தன்னுடைய பழைய கம்ப்யூட்டரில் இருந்த அந்த ரயில் விளையாட்டை அப்பாவுக்குக் காட்டியதுதான். முன் அறையில் ஜன்னலோரம் நாற்காலி போட்டு உட்காரவைத்தான். திரையில் விருத்தாசலம் ஜங்ஷன் வந்தது. கிழவர் பெட்டியைக் கீழே வைத்தார். அன்றிலிருந்து டூட்டி வீட்டுக்குள்ளேயே நடந்தது. வேகத்துக்கு ஒரு பொத்தான், பிரேக்குக்கு ஒரு பொத்தான். கயல்விழி இரண்டிலும் நகப்பாலிஷ் பொட்டு வைத்துக் கொடுத்தாள். விடியலில் புறப்பட்டு, அரியலூர் போய்ச் சேர்ந்து, "டூட்டி முடிஞ்சுது" என்று எழுந்து வந்து இட்லி சாப்பிடுவார். அப்புறம் அன்றைக்கு முழுக்க சாது. அதற்கப்புறம்தான் கயல்விழி பீங்கான் கம்பெனிக்குப் போவாள்.

டூட்டியில் இருக்கும்போது அவருக்குக் கயல்விழி மருமகள் இல்லை. என்ஜினில் கூட உட்காரும் அசிஸ்டெண்ட் கொளஞ்சிநாதன். அந்தக் கொளஞ்சிநாதன் இப்போது சேலம் பக்கம் தானே வண்டி ஓட்டிக்கொண்டு சௌக்கியமாக இருக்கிறார். இங்கே அவருக்குப் பதில் கயல்விழிதான். மாமனார் "ஏன்டா கொளஞ்சி, டீ எங்கடா?" என்றால் டீ கொண்டுபோய்க் கொடுப்பாள்.

போன மாதம் கரண்ட் ஏறி இறங்கியதில் அந்தப் பழைய கம்ப்யூட்டர் புகைந்து போனது.

மறுநாளே அவர் கிளம்பிவிட்டார். கயல்விழி பாத்ரூமில் இருந்தாள். தலையைத் துவட்டிக்கொண்டு வெளியே வந்தால் கதவு திறந்து கிடக்கிறது. தெருவில் ஓடி, ஜங்ஷனில் தேடி, அவள் அழாத குறையாக நின்றபோது, தண்டவாள வேலை பார்க்கும் செல்வநாயகி அவரைக் கையைப் பிடித்துக் கூட்டிக்கொண்டு வந்தாள்.

"யக்கா, லைனு நடுவுலயே நடந்து போய்கிட்டு இருந்தாரு. பின்னாடி கூட்ஸு வருது. நான் கத்துறேன், திரும்பவே இல்ல. இழுத்துப் போட்டேன். இவரு என்னாடான்னா, 'என் வண்டி எந்த பிளாட்பாரம்மா'ன்னு எங்கிட்டயே கேக்குறாரு." செல்வநாயகி அவர் கையை இன்னும் விடவில்லை. "இன்னைக்கி நான் இருந்தேன். தெனமும் அந்த எடத்துல நான் இருப்பேனா சொல்லுங்க."

அதற்குப் பிறகு கதவுக்குப் பூட்டு வந்தது. பூட்டு வந்ததும் தினமும் விடியலில் கதவைத் தட்டும் சத்தம் வந்தது. "வண்டி லேட்டாவுது, தெறங்க! என்னைக் கட்டிப்போட்டு வச்சிருக்கா!" என்று அவர் கத்துவார். எதிர்வீட்டு ஜன்னல்கள் திறக்கும். ஒருவரும் வந்து கேட்கவில்லை, ஒத்தாசையும் பண்ணவில்லை; பார்க்க மட்டும் செய்தார்கள். கயல்விழிக்கு அவமானமாக இருந்தது. அதைவிட அலுப்பாக இருந்தது. அவமானப்படுவதற்கும் கொஞ்சம் தெம்பு வேண்டும் அல்லவா?

புருஷன் பழமலைநாதன் ஒரகடத்தில் கம்பெனி வேலையில் இருந்தான். ஊருக்கு வந்தபோது ஒரு செகண்ட் ஹேண்ட் லேப்டாப் வாங்கி வந்து மேசைமேல் வைத்தான். "பிரவீனு எல்லாத்தயும் வூட்டுலயே ஒரு பென் டிரைவுல போட்டு வச்சிருக்கானாம். அவங்கிட்ட கேட்டு நீயே போட்டுடு. நீதான் கம்ப்யூட்டர் கோர்ஸு படிச்சவளாச்சே" என்று சொல்லிவிட்டு அன்று சாயங்காலமே பஸ் ஏறிவிட்டான். கல்யாணத்துக்கு முன் கொஞ்ச நாள் டிடிபி சென்டரில் கல்யாணப் பத்திரிகை அடித்ததுதான் அவள் படிப்பு. பத்திரிகையில் மணமகன் பெயரை ஏற்றத் தெரிந்தவளுக்கு ரயில் என்ஜின் ஏற்றத் தெரியாதா என்பது அவன் கணக்கு.

பழைய விளையாட்டு புதிய லேப்டாப்பில் ஏறவே மாட்டேன் என்றது. வேறொரு புதிய விளையாட்டைப் போட்டு, பழைய பாதையை அதற்குத் தகுந்த மாதிரி மாற்ற வேண்டும் என்றான் பிரவீன்குமார். மஸ்கட்டிலிருந்து குரல் பதிவாக வரும் அவன் பாடம்.

"ஈஸிதான் அண்ணி. அந்த மூட்டைய ரன் பண்ணாதீங்க, இதுல ஓடாது. உள்ள இருக்கறத மட்டும் பிரிச்சு எடுத்துக்கங்க. படமெல்லாம் பழைய வகையில இருக்கும், அதப் புது வகைக்கி மாத்தணும். அவ்ளோதான்."

அவ்வளவுதானாம். பிரித்துப் பார்த்தால், தண்டவாளம் ஒரு மூட்டையில், அதன் சத்தம் வேறொரு மூட்டையில். என்ஜின் இருக்கிறது, அதன் ஹாரன் இல்லை. அது வேறு யாரோ செய்த வேறு என்ஜினிலிருந்து கடன் வாங்கியதாம், போய் அதைத் தேட வேண்டும். அதைத் தேடி எடுத்தால் சக்கரம் இல்லை. மரங்களின் படங்களை மாற்றினால் கரும்புத் தோட்டத்தின் படங்கள் மாற மறுத்தன. ஒன்றைச் சரிசெய்தால் இன்னொன்று காணாமல் போகும். ஒவ்வொரு முறையும் திரையில் ஒரு பிழைச் செய்தி வரும், இங்கிலீஷில். அதை போனில் படம் எடுத்து மஸ்கட்டுக்கு அனுப்பினால், "ஓ, அதா" என்று மறுநாள் பதில் வரும்.

விடியலில் கதவோடு சண்டை. அப்புறம் சமையல். அப்புறம் அவரைப் பூட்டி வைத்துவிட்டு அரைநாள் கம்பெனி. அங்கே அச்சிலிருந்து எடுத்த பொம்மைகளில் அச்சின் இரு பாதி சேர்ந்த கோட்டைச் சுரண்டி, ஈரத்துணியால் துடைத்து, சூளைக்கு அடுக்கிவைப்பது அவள் வேலை. தூக்கக் கலக்கத்தில் ஒருநாள் பிள்ளையாரின் தும்பிக்கையையே சீவிவிட்டாள். பக்கத்தில் உட்கார்ந்திருந்த அன்பரசி அதைக் கையில் வாங்கிப் பார்த்தாள்.

"ஏன்டி கயலு, மூக்கறுத்துட்டியே. ராத்திரியில தூங்குறியா இல்லியா?"

"எங்க தூங்குறது. கண்ண மூடுனா அவரு கதவத் தெறக்கற மாதிரியே இருக்குது. எழுந்து எழுந்து பூட்டத் தொட்டுப் பாத்துட்டு வந்து படுக்கறேன்."

"போயிச் சேர்ந்துடப் போறடி. அவருக்கு முன்னாடி நீ" என்றாள் அன்பரசி. சிரித்துக்கொண்டேதான் சொன்னாள். கயல்விழிக்குச் சிரிப்பு வரவில்லை.

இப்படியாகத்தான் அந்த மத்தியானம் வந்தது. எல்லா மூட்டையும் பிரித்தாயிற்று, படங்கள் மாற்றியாயிற்று. புதிய விளையாட்டு சில பொதுவான கோப்புகள் வேண்டும் என்று கேட்டது. அதோடு கூட வந்திருந்த ஏதோ வெள்ளைக்கார ஊர்ப் பாதையிலிருந்து அவற்றை எடுத்து நம் பாதைக்குள் போட்டாள். இதே பெயரில் ஏற்கெனவே கோப்பு இருக்கிறது, அதை அழித்துவிட்டு இதை வைக்கட்டுமா என்று கேட்டது திரை. ஆம் என்றாள். இன்னொன்றுக்கும் கேட்டது. ஆம். அடுத்ததற்கும் கேட்டது. ஒவ்வொன்றாகப் பார்த்து யோசித்துச் சொல்ல அவளிடம் தலை இல்லை. உள்ளே வேறு கிழவர் இருமி, புரண்டு படுக்கும் சத்தம். எல்லாவற்றுக்கும் ஆம் என்று ஒரு பொத்தான் இருந்தது. அதை அழுத்தினாள். யோசித்துப் பார்த்தால் கல்யாணமான நாளிலிருந்து அவள் அழுத்தி வருவது அந்தப் பொத்தானைத்தான்.

மறுநாள் விடியலில் ராஜாங்கம் பெட்டியோடு வாசலுக்கு வந்தபோது, "மாமா, வண்டி இங்க நிக்குது" என்று கையைப் பிடித்துத் திருப்பினாள். அவர் திரையைப் பார்த்தார். ஜங்ஷன், பிளாட்பாரம், முன்னால் நீளும் தண்டவாளம். பெட்டியைக் கீழே வைத்துவிட்டு நாற்காலியில் உட்கார்ந்தார். கயல்விழிக்கு ஓவென்று அழவேண்டும் போல இருந்தது. அடுப்பில் பால் பொங்கியதால் அழாமல் ஓடினாள்.

வண்டி புறப்பட்டது. ஹாரன் சரியாகக் கேட்டது. மரங்களில் பாதிக்கு மட்டும் படம் ஒட்டவில்லை, வெறும் வெள்ளைப் பலகையாக நின்றன.

"என்னாடா கொளஞ்சி, மரத்துக்கெல்லாம் மேல வரைக்கும் சுண்ணாம்பு அடிச்சு வச்சிருக்கானுவ?"

"கலெக்டர் வராராம் மாமா."

"அப்பன்னா சரி" என்றார்.

பெண்ணாடம் நெருங்கியது. ஊருக்கு வெளியே, ஸ்டேஷனுக்குள் வண்டியை விடலாமா கூடாதா என்று சொல்லும் ஹோம் சிக்னல் சிவப்பாக இருந்தது. ராஜாங்கம் அழகாகப் பிரேக் பிடித்து, சிக்னலுக்கு இந்தப் பக்கம் வண்டியை நிறுத்தினார். நீளமாக ஒரு ஹாரன் கொடுத்தார். காத்திருந்தார். சிக்னல் விழவில்லை. இன்னொரு ஹாரன் கொடுத்தார்.

"ஸ்டேஷன்ல வேற வண்டி நிக்கும்போல. இருப்போம்" என்றார்.

சரி, இரண்டு நிமிஷத்தில் பச்சை வந்துவிடும் என்று கயல்விழி சுவரில் சாய்ந்து உட்கார்ந்தாள். கதவைத் தட்டும் சத்தம் இல்லை. யாரும் கத்தவில்லை. எங்கே இருக்க வேண்டுமோ அங்கே அவர் இருந்தார். அப்படியே தரையில் சரிந்தவள், ஒரு மாதமாகத் தூங்காத தூக்கத்தைத் தூங்கினாள்.

கண் விழித்தபோது வெயில் ஜன்னலைத் தாண்டிப் போயிருந்தது. பதறி எழுந்தாள். ராஜாங்கம் நாற்காலியில் அப்படியே இருந்தார். கை பிரேக் பொத்தான் பக்கத்தில் இருந்தது. கண் சிவப்பு விளக்கில் இருந்தது. பேன்ட் நனைந்து, நாற்காலிக்குக் கீழே ஈரம் தேங்கியிருந்தது.

"மாமா! எழுந்து போயிருக்கக் கூடாதா?"

"என்ஜின வுட்டுட்டு எப்பிடிடா எறங்கறது?" என்றார். குரலில் கொஞ்சம் கூச்சம் இருந்தது.

லேப்டாப்பை மூடி, அவரைக் கழுவி, துணி மாற்றி, சோறு பிசைந்து கொடுத்தாள். மூடிய பிறகு அவருக்கு வண்டி மறந்துவிட்டது. அவளுக்கு மறக்கவில்லை. பிரவீன்குமாரைக் கேட்டாள். அவன் சிரித்தான்.

"அண்ணி, நீங்க அந்த வெளிநாட்டு லைனோட சிக்னல் ரூல்ஸ தூக்கி நம்ம ரூல்ஸு மேல போட்டுட்டீங்க. பெண்ணாடத்துல இருக்கற மாதிரி சிக்னலு அந்த ஊருல கெடையாது. தெரியாத சிக்னல்னா எப்பவும் செவப்பு காட்டும். பழைய கோப்பத் திருப்பிப் போட்டீங்கன்னா போதும். இல்லன்னா, கண்ட்ரோல்ல பர்மிஷன் கேக்கறதுக்கு ஒரு பொத்தான் இருக்குது, அத அழுத்திட்டு செவப்பத் தாண்டிப் போவலாம்."

சாயங்காலம் பழமலைநாதன் போனில் வந்தான். நடந்ததையெல்லாம் சொன்னாள்.

"வுடு. அது பாட்டுக்கு செவப்பாவே இருந்துட்டுப் போவட்டும்" என்றான் அவன். "அரியலூர் போயிச் சேர்ந்தாதான எழுந்திரிப்பாரு? சேரவே வேணாம். அங்கியே உக்காந்திருக்கட்டும். நீயும் நிம்மதியா வேலைக்கிப் போயிட்டு வா."

"என்னாங்க பேசறீங்க" என்று போனை வைத்தாள். ஆனால் பழைய கோப்பைத் திருப்பிப் போடவில்லை. அன்றைக்கு நேரமில்லை. மறுநாள் நேரம் இருந்தது, அப்போதும் போடவில்லை.

அவளைப் பற்றி என்ன வேண்டுமானாலும் சொல்லிக்கொள்ளுங்கள். ஆனால் சொல்கிறவர்கள் முதலில் ஒரு மாதம் தூங்காமல் இருந்து பார்த்துவிட்டுச் சொல்லுங்கள். விடியலில் அவர் புறப்படுவார். கொஞ்ச நேரத்தில் பெண்ணாடம் வந்துவிடும். சிவப்பைப் பார்த்தால் நின்றுவிடுவார். உயிரே போனாலும் அதைத் தாண்ட மாட்டார். சர்வீசில் ஒருமுறைகூடத் தாண்டாதவர். பூட்டு செய்யாததை அந்தச் சின்னச் சிவப்பு விளக்கு செய்தது. கயல்விழி கம்பெனிக்கு நேரத்தோடு போனாள். ராத்திரியில் தூங்கினாள். பொம்மைகளின் காதும் மூக்கும் இருந்த இடத்தில் இருந்தன. "மூஞ்சி தெளிஞ்சிருக்குதுடி" என்றாள் அன்பரசி.

நாற்காலியில் பழைய போர்வையை மடித்துப் போட்டாள். பக்கத்தில் இட்லியும் தண்ணீரும் வைத்துவிட்டுப் போனாள். திரும்பி வரும்போது இட்லி காய்ந்து கிடக்கும். வண்டி ஸ்டேஷனில் நின்றால் சாப்பிடுவார். சிக்னலில் நிற்கும்போது சாப்பிடுகிற பழக்கம் அவருக்கு இல்லை. கால் இரண்டும் வீங்க ஆரம்பித்தன. சாயங்காலம் எண்ணெய் தேய்த்துவிடுவாள். தேய்க்கும்போது அவர் முகத்தைப் பார்க்க மாட்டாள்.

ஒருநாள் காலை அவள் பையை எடுத்துக்கொண்டு கிளம்பும் சமயம், ராஜாங்கம் திரும்பிப் பார்த்தார்.

"கொளஞ்சி, எறங்கிப் போறியா?"

"ஆமாம் மாமா. இதோ வந்துடறேன்."

"போறதுதான் போற, அப்பிடியே ஸ்டேஷன்ல என்னா ஏதுன்னு கேட்டுட்டு வா. ரொம்ப நாழியா நிக்கிறோம். பின்னாடி சனங்க உக்காந்திருக்குது. கைக்கொழந்தையெல்லாம் இருக்கும். வெயில் ஏறுனா பொட்டியில உக்கார முடியாதுடா."

"சரிங்க மாமா" என்று கதவைப் பூட்டிக்கொண்டு போனாள்.

பச்சை விழாவிட்டால் டிரைவர் அசிஸ்டெண்டை ஸ்டேஷனுக்கு அனுப்புவதும், அவன் சேதியோடு திரும்பி வருவதும் ரயில்வேயில் நடக்கிறதுதான். அவர் தன் வேலையைச் செய்துவிட்டார். கயல்விழி வரிசையாகப் பொம்மைகளைத் துடைத்தாள். அவர் அங்கே ஆளை அனுப்பிவிட்டுக் காத்துக்கொண்டிருக்கிறார். போன ஆள் இங்கே உட்கார்ந்து பொம்மை துடைக்கிறாள். தப்பு செய்கிறோம் என்று அவளுக்கு நன்றாகத் தெரிந்தது. அரைநாள்கூட முடியவில்லை, தலைவலி என்று சொல்லிவிட்டு எழுந்தாள்.

கதவைத் திறந்தாள். ராஜாங்கம் திரையைப் பார்க்கவில்லை. நாற்காலியில் வாசல் பக்கமாகத் திரும்பி உட்கார்ந்திருந்தார். எவ்வளவு நேரமாக அப்படி இருந்தாரோ, கழுத்து ஒரு பக்கமாக இழுத்திருந்தது.

"வந்துட்டியா? என்னாடா சொன்னாங்க?"

"இதோ... ஸ்டேஷன்லேருந்து ஆளு வராங்க மாமா" என்று சொல்லிவிட்டு உள்ளே ஓடினாள். யாரோ சுபகாரியத்தில் வைத்துக் கொடுத்த பச்சை ரவிக்கைத் துணி பீரோவில் கிடந்தது. அதை எடுத்துத் துடைப்பக் குச்சியில் சுற்றினாள். கொல்லைப்பக்கமாக வெளியே போய், பக்கத்துச் சந்து வழியாகச் சுற்றி, தலைப்பை இழுத்துச் செருகிக்கொண்டு வாசல் வழியாக வந்து நின்றாள். எதிர்வீட்டு ஜன்னல் திறந்தது. திறந்துவிட்டுப் போகட்டும்.

"டிரைவர் சார். ஹோம் சிக்னல் ரிப்பேருங்க. நீங்க வண்டிய எடுக்கலாம்."

ராஜாங்கம் அவளை மேலும் கீழும் பார்த்தார். நிமிர்ந்து உட்கார்ந்தார்.

"சீட்டு எங்கம்மா? சீட்டு இல்லாம வாய்ச்சொல்லுக்கெல்லாம் செவப்பத் தாண்ட மாட்டேன். எழுதிக் குடுங்க."

சுவரில் தொங்கிய நாள்காட்டியில் அன்றைய தாளைக் கிழித்தாள். பின்பக்கம் வெறுமையாக இருந்தது. பெண்ணாடம் ஹோம் சிக்னல் பழுது, சிவப்பைத் தாண்டி மெதுவாக வரலாம் என்று எழுதிக் கொடுத்தாள். அவர் வாங்கி, கண்ணுக்குப் பக்கத்தில் வைத்துப் படித்தார்.

"கையெழுத்து?"

வாங்கிக் கையெழுத்துப் போட்டாள். அவசரத்தில் வேறு பெயர் தோன்றவில்லை. தன் பெயரையே போட்டாள்.

ராஜாங்கம் அதை எழுத்துக் கூட்டிப் படித்தார். நிமிர்ந்து அவள் முகத்தைப் பார்த்தார். தெரிந்த முகமா என்று தேடினார், தெரியவில்லை.

"கயல்விழியா? எங்க வூட்டு மருமவ பேரும் இதான்" என்றார். "நல்ல பொண்ணு. ஆனா தூங்கவே மாட்டா, பாவம். நான் டூட்டி முடிஞ்சு வூட்டுக்குப் போவற வரைக்கும் பூட்டத் தொட்டுத் தொட்டுப் பாத்துகிட்டு இருப்பா. இன்னிக்கி வேற லேட்டாயிடுச்சு. அதாம்மா எனக்குக் கவலை."

தாளை மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு திரையின் பக்கம் திரும்பினார்.

கயல்விழி அவருக்குப் பின்னால் நின்று, தோளுக்கு மேலே கையை நீட்டி, அனுமதி கேட்கும் அந்தப் பொத்தானை அழுத்தினாள். பச்சைத் துணியை அவர் கண்ணில் படும்படி ஆட்டினாள். கண்ணீர் வடிந்து மூக்கோரமாக ஒழுகியது. இரண்டு கையிலும் வேலை இருந்ததால் துடைக்க முடியவில்லை. வண்டி மெல்ல நகர்ந்து, சிவப்பைத் தாண்டி, பெண்ணாடம் ஸ்டேஷனுக்குள் போய் நின்றது. அவர் இட்லித் தட்டை எடுத்து மடியில் வைத்துக்கொண்டு, காய்ந்த இட்லியைத் தண்ணீர் தொட்டுத் தொட்டுச் சாப்பிட்டார். அப்புறம் வெள்ளாற்றுப் பாலத்தைத் தாண்டி அரியலூர் வரைக்கும் போனார். எழுந்தபோது கால் நிற்கவில்லை. அவள் பிடித்துக்கொண்டாள்.

"டூட்டி முடிஞ்சுது" என்றார்.

"முடிஞ்சுது மாமா. படுங்க."

அவர் தூங்கிய பிறகு கயல்விழி லேப்டாப் முன்னால் உட்கார்ந்தாள். பென் டிரைவில் இருந்த முதல் மூட்டையைத் திரும்பவும் பிரித்து, சிக்னல் கோப்பையும் அன்றைக்கு அழிந்த மற்றதையும் எடுத்துப் பாதைக்குள் போட்டாள். பிறகு வெள்ளைக்கார ஊர்க் கோப்புகளையும் மறுபடி போட்டாள். அழித்துவிட்டு வைக்கட்டுமா என்று திரை கேட்டது. எல்லாவற்றுக்கும் ஆம் என்ற பொத்தான் பக்கத்திலேயே இருந்தது. அவள் ஒவ்வொன்றாகப் பெயரைப் படித்தாள். இதற்கு ஆம். இதற்கு வேண்டாம். இதற்கும் வேண்டாம். அந்த வேலை முடிய ரொம்ப நேரம் பிடித்தது.

முடித்துவிட்டு ஒருமுறை தானே வண்டியை ஓட்டிப் பார்த்தாள். பெண்ணாடம் வந்தது. சிக்னல் பச்சையாக இருந்தது. இனி அவர் நேரத்துக்குப் போய்ச் சேருவார், நேரத்துக்கு நாற்காலியை விட்டு எழுந்துவிடுவார். அதற்குள் சமையலை முடிக்க அவளும் நாளையிலிருந்து அவருக்கு முன்னால் எழுந்தாக வேண்டும்.

போனை எடுத்து அலாரம் வைத்தாள். வாசலுக்குப் போய்ப் பூட்டைத் தொட்டுப் பார்த்தாள். திரும்பும்போது உள்ளேயிருந்து அவர் குரல் வந்தது.

"யாரு, கயலா? நான் வந்துட்டேம்மா. நீ போயிப் படு."